சிறுபிள்ளை இட்ட வேளாண்மை

"சிறுபிள்ளை இட்ட வேளாண்மை வீடு வந்து சேராது" என்று ஒரு பழமொழி உண்டு. விதைத்தவன் சிறுவனாயின் விளைச்சலை நம்பாதே என்பது அதன் கருத்து. நாம் இப்பழமொழியோடு நின்றுவிடவில்லை. வளர்ந்தவர் ஒருவர் பொறுப்பின்றி நடக்கும்போது அதனைச் 'சிறுபிள்ளைத்தனம்' என்கிறோம். குற்றம் செய்தவர் பெரியவர். குற்றத்துக்குப் பெயர் மட்டும் பிள்ளையினுடையது! சிறுவரின் அன்பை அறியாப் பருவத்து விளையாட்டென்றும், அவர்தம் கற்பனையைப் பகற்கனவென்றும் ஒதுக்கிவிடுவது நமக்குப் பழகிப்போன ஒன்று. இத்தீர்ப்பு நியாயமானதுதானா? பன்னிரண்டு வயதுப் பிள்ளை ஒன்று இன்னொரு பிள்ளைக்குக் கொடுக்கும் வாக்குக்கு அறத்தின் தராசில் எடை ஏதும் உண்டா? ஆசிரியர்களும் மாணவர்களும் தமக்குள் கேட்டுக்கொள்ள வேண்டிய வினா இது.

இவ்வினாவை என்னுள் எழுப்பியது ஓர் அமெரிக்கத் திரைப்படம். வெஸ் அன்டர்சன் நெறிப்படுத்தி, ரோமன் கொப்போலாவுடன் சேர்ந்து எழுதிய 'மூன்ரைஸ் கிங்டம்', 2012 மே மாதத்தில் கேன்ஸ் திரைப்பட விழாவின் தொடக்கப் படமாகக் காட்டப்பட்டது. நிலவு எழும் இராச்சியம் என்று அதன் பெயரைத் தமிழிற் சொல்லலாம்.

கதை நிகழும் இடம் நியூ பென்சான்ஸ் என்னும் தீவு. நியூ இங்கிலாந்துக் கரைக்கு அப்பால் இருப்பதாகச் சொல்லப்படும் இத்தீவு எந்தத் தேசப்படத்திலும் இல்லை. காலம் 1965 செப்டெம்பர். பன்னிரண்டு வயதுச் சிறுவன் சாம், பெற்றோரை இழந்து பிறர் வீட்டில் வளர்பவன். சாரணர் பாசறையில் எவருக்கும் அவனைப் பிடிப்பதில்லை. அதே வயதினளான சூசி சட்டத்தரணிகள் இருவரின் மகள். மூன்று தம்பிமார் இருந்தும் தனித்தே இருப்பவள். முந்திய ஆண்டு தேவாலயத்தில் நடைபெற்ற இசைநாடகம் ஒன்றின்போது இருவரும் சந்தித்தனர். ஓராண்டு முழுவதும் இரகசியமாகக் கடிதம் எழுதினர். பின்னர், சொல்லிவைத்தபடி ஒரு நாள் வீட்டையும் பாசறையையும் விட்டு வெளியேறி, ஆளரவமற்ற கடற்குடா ஒன்றில் கூடாரம் அடிக்கின்றனர். அந்தக் குடாவுக்கு வரைபடத்தில் இருப்பது வெறும் அளவுக் கணக்கால் ஆன பெயர். அது அவர்களுக்குப் பிடிக்கவில்லை. தாமே ஒரு பெயர் சூட்டுகின்றனர். பொலிசும் பெற்றோரும் சாரணரும் அவர்களைத் தேடித் தீவெங்கும் அலைகின்றனர். இடையில் பெரும்புயல் ஒன்றும் நெருங்கி வருகிறது.

இத்தகைய படத்தை நம்மவர் பலர் ஐயத்துடனேயே நோக்குவர். அதற்குக் காரணமும் உண்டு. அன்டர்சனின் காட்சிகள் ஒவ்வொன்றும் அளந்து வைத்தாற்போல் இருக்கும். சூசியின் வீட்டினுள் கமரா அறைக்கு அறை நகரும்போது, முன்சுவர் இல்லாத பொம்மை வீடொன்றைப் பார்க்கும் உணர்வே நமக்கு ஏற்படுகிறது. உழைப்போரின் வியர்வையும் பசியும் கலையில் இடம்பெற வேண்டும் என்று கோருகின்ற நாம், இந்தப் பொம்மை வீட்டை யதார்த்தத்தினின்று நழுவிச் செல்லும் முயற்சி என்று ஒரே சொல்லில் தள்ளிவிடலாம். ஆயினும் கற்பனை எல்லாமே நழுவல் ஆகிவிடுமா என்பதை முதலில் ஆராய்தல் தகும்.

கார்ல் மார்க்ஸ் தம் இளைய மகள் எலினோருக்கு மாதக்கணக்காக ஒரு தொடர்கதை சொன்னார். ஹான்ஸ் ரொக்கிள் என்னும் மந்திரவாதி பொம்மைக்கடை ஒன்று வைத்திருக்கிறான். அவன் கடையில் அதிசயங்கள் நிறைந்துள்ளன. கையிலோ காசு இல்லை. பிசாசுக்கும் கடன், இறைச்சிக் கடைக்காரனுக்கும் கடன். ஆகவே, மனமில்லாமலே தன் பொம்மைகளைப் பிசாசுக்கு விற்கிறான். அப்பொம்மைகளோ ஊரெல்லாம் சுற்றி, எத்தனையோ இடர்களைக் கடந்து, முடிவில் அவன் கடைக்கே திரும்பிவிடுகின்றன. இக்கதையைப் பிற்காலத்தில் எலினோரே நினைவுகூர்ந்து எழுதியுள்ளார். செய்தவனின் கையை விட்டுப் பறிபோன பொருள் அவனிடமே மீண்டு வருகிறது என்பதல்லவா இதன் உட்பொருள்? கடன்காரர் கதவைத் தட்டிக்கொண்டிருந்த குடும்பம் ஒன்றில் இக்கதை பிறந்தது என்பதை நினைத்தால், கற்பனை வறுமையை மறைக்கவில்லை என்பது விளங்கும். வறுமைக்கு ஒரு மாற்றுண்டு என்று பிள்ளைக்குப் புரியும் மொழியில் அது சொல்லியிருக்கிறது.

சோவியத் உளவியலாளர் லெவ் விகோட்ஸ்கி, சிறுவரின் கற்பனை பற்றி 1930 இல் வெளியான தமது நூலில் ஒரு முக்கியமான கருத்தை முன்வைத்தார். கற்பனை வெறுமையிலிருந்து தோன்றுவதில்லை. அனுபவத்தின் கூறுகளை எடுத்து அது புதிதாக இணைக்கிறது. ஆதலால், பெரியவரைவிடப் பிள்ளையே கற்பனை வளம் மிக்கது என்னும் பொதுநம்பிக்கை தவறு; பிள்ளையின் அனுபவம் குறுகியது, எனவே அதன் கற்பனையும் அவ்வளவிற் குறுகியதே என்றார். பிள்ளைப் பருவத்தை வெறும் பூந்தோட்டமாகப் புகழ்வோருக்கு இக்கருத்துக் கசக்கலாம். ஆனால் ஆசிரியருக்கு இது பெரியதொரு நம்பிக்கையைத் தருவது. அனுபவம் விரிந்தால் கற்பனையும் விரியும் என்பதே அதன் மறுபக்கம்.

படத்தின் சிறுவர் இருவரும் பயணத்துக்குக் கொண்டுவரும் பொருள்களைப் பாருங்கள். சாமிடம் திசைகாட்டி, வரைபடம், கூடாரம், தூண்டில் ஆகியன உள்ளன. சூசியோ பூனைக்குட்டி ஒன்றையும், தம்பியின் இசைத்தட்டுப் பெட்டியையும், நூலகத்திலிருந்து எடுத்துத் திருப்பிக் கொடுக்காத கதைப்புத்தகங்களையும் சுமந்து வருகிறாள். ஒருவர் இல்லாமல் மற்றவர் அக்குடாவை அடைந்திருக்க முடியாது. அடைந்திருந்தாலும் அங்கே ஓரிரவைக் கழித்திருக்க முடியாது. வழி காண்பதற்குத் திசைகாட்டி வேண்டும். இருளில் அச்சத்தை வெல்வதற்கு, ஒருவர் உரத்து வாசிக்க மற்றவர் கேட்கும் கதை வேண்டும். நழுவி ஓடும் கற்பனை திசைகாட்டியைக் கையில் எடுப்பதில்லை. இவர்களுடையது ஓராண்டு திட்டமிட்ட கற்பனை.

இனி, இக்கட்டுரையின் மையமான இடத்துக்கு வருகிறேன். இருவருடைய அன்பின் தன்மையை இரண்டு சிறிய உரையாடல்கள் நமக்குக் காட்டுகின்றன.

வீட்டில் குளிர்ப்பெட்டியின் மேல் தான் கண்டெடுத்த சிறுநூல் ஒன்றைச் சூசி சாமிடம் காட்டுகிறாள். மிகுந்த தொல்லை தரும் பிள்ளையை எவ்வாறு சமாளிப்பது என்று பெற்றோருக்கு ஆலோசனை கூறும் நூல் அது. அந்தப் பிள்ளை தானே என்பது அவளுக்குத் தெரியும். சாம் அதைப் பார்த்ததும் சிரித்துவிடுகிறான். அவள் முகம் வாடிக் கண் கலங்குகிறது. தன் சிரிப்பு அவளை எவ்வளவு காயப்படுத்தியது என்பதை உணர்ந்து அவன் மன்னிப்புக் கேட்கிறான். தான் அவள் பக்கமே என்கிறான்.

மற்றோரிடத்தில் தவறு சூசியுடையது. தனக்குப் பிடித்த கதைகளின் நாயகர் பெரும்பாலும் அநாதைகள் என்பதை எண்ணி, தானும் ஓர் அநாதையாக இருந்திருக்கலாகாதா என்று ஆசைப்பட்டதுண்டு என்கிறாள்; அத்தகையோரின் வாழ்வு தனிச்சிறப்பு மிக்கதாம். இதனை அவள் சொல்வது உண்மையிலேயே தாய் தந்தையை இழந்த ஒருவனிடம். சாம் அவளை ஏசவில்லை. தான் அவளை நேசிப்பதாகவும், ஆனால் அவள் என்ன பேசுகிறாள் என்பது அவளுக்கே தெரியவில்லை என்றும் அமைதியாகச் சொல்கிறான். தானும் அவனை நேசிப்பதாக அவள் மறுமொழி கூறுகிறாள். அவ்வளவுதான் உரையாடல்.

இந்தச் சிறு பேச்சில் அழகியலின் பெரியதொரு பிரச்சினை அடங்கியிருக்கிறது. பிறர் துயரைப் புத்தகத்தில் மட்டும் கண்டவருக்கு அது அழகாகத் தோன்றும். சூசியின் கற்பனைக்கு அநாதையின் சாகசம் தெரிந்திருந்தது. இரவில் எழுப்ப எவருமில்லாத வீடு தெரிந்திருக்கவில்லை. அவளை நோக்கி நகைப்பதற்கு முன்னர் நம்மையும் ஒரு கணம் நோக்கிக்கொள்வோம். தொழிலாளியின் குடிசையை ஒரு நாளும் மிதியாமல் அவன் வறுமையை வருணித்த எழுத்தாளர் நம்மிடையே இல்லையா? பசியை அறியாமல் பசியின் 'புனிதம்' பற்றிப் பேசியோர் இல்லையா? அவர்களிடம், "தோழரே, உங்களை நேசிக்கிறேன், ஆனால் நீங்கள் பேசுவது உங்களுக்கே தெரியவில்லை" என்று சொல்ல ஒரு சாம் இல்லாமற் போனதே நம் இலக்கியத்துக்கு நேர்ந்த குறை.

இங்கேதான் சிறுவரின் அன்புக்கு அறத்தின் எடை வருகிறது. ஓர் அன்பு உண்மையானதா என்பதை அது எத்தனை ஆண்டு நீடித்தது என்பதைக் கொண்டோ, அன்புற்றோரின் வயதைக் கொண்டோ அளக்க முடியாது. மற்றவரின் உண்மையான துயரம் எதிரே வந்து நிற்கும்போது, தன் இனிய கற்பனையைத் திருத்திக்கொள்ள ஆயத்தமாக இருக்கிறதா என்பதே அளவுகோல். சாம் தன் சிரிப்பைத் திருத்திக்கொண்டான். சூசி தன் ஆசை எவ்வளவு அறியாமையானது என்பதைக் கேட்டுக்கொண்டாள். இந்த ஆயத்தம் இல்லாத அன்பு ஐம்பது வயதிலும் விளையாட்டே.

படத்தின் பெரியவர்களை இந்த அளவுகோலால் அளந்து பார்க்கலாம். சூசியின் தாயும் தந்தையும் ஒரே அறையில் வெவ்வேறு கட்டில்களில் உறங்குகின்றனர். வீட்டுக்குள் இருப்பவர்களைத் தாய் ஒலிபெருக்கிக் குழலால் அழைக்கிறாள். அவளுக்கும் தீவின் பொலிஸ் அதிகாரி கப்டன் ஷார்ப்புக்கும் இடையே இரகசிய உறவு ஒன்று உண்டு. அந்த இரகசியத்தைத் தொலைநோக்கியின் வழியாகச் சூசி கண்டுவிடுகிறாள். சட்டப்படி செல்லுபடியாகும் திருமணம் இங்கே வெறும் கூடாக நிற்கிறது. சிறுவர் இருவரும் மணஞ் செய்ய விரும்பும்போதோ, அவர்களுக்குச் சடங்கு செய்துவைக்க முன்வரும் இளைஞன் ஒருவன், இச்சடங்கு எந்தச் சட்டத்தின் முன்னும் செல்லாது, ஆனால் உங்கள் உள்ளத்தளவில் இதற்குப் பெரிய கனம் உண்டு என்று எச்சரிக்கிறான். தனியே சென்று ஆலோசித்து வருமாறு அவர்களை அனுப்பியும் வைக்கிறான். சட்டத்தின் கட்டு வேறு, மனச்சான்றின் கட்டு வேறு என்று மெய்யியலார் நீண்ட காலம் விவாதித்த வேறுபாடு, ஒரு சாரணர் முகாமின் ஓரத்தில் இவ்வாறு வேடிக்கையாக வெளிப்படுகிறது. அவ்விளைஞன் இதற்குக் கூலியாகச் சில்லறை நாணயங்களைக் கேட்டு வாங்கிக்கொள்கிறான் என்பதையும் நெறியாளர் மறைக்கவில்லை. புனிதமான வாக்கும் விலைபேசப்படும் உலகமல்லவா அது!

பிள்ளைகளைத் தேவதைகளாகக் காட்டாமையும் இப்படத்தின் சிறப்பு. சாமைத் தேடிப் புறப்படும் சாரணச் சிறுவர் ஆயுதம் தாங்கிச் செல்கின்றனர். காட்டில் மோதல் நிகழ்கிறது. ஒரு சிறுவன் கத்தரிக்கோலால் குத்துப்படுகிறான். சாரணரின் நாய் அம்பு பாய்ந்து இறக்கிறது. அது நல்ல நாயா என்று சாம் கேட்க, அதை யார் சொல்ல முடியும், ஆனால் அது சாவதற்குரிய குற்றம் எதையும் செய்யவில்லை என்கிறாள் சூசி. பின்னர் இதே சாரணர் மரத்தின் உச்சியில் கட்டிய குடிலில் கூடுகின்றனர். சாமுக்குத் தாம் இழைத்தது அநீதி என்று அவர்களுள் ஒருவன் எழுந்து சொல்கிறான். வேட்டையாட வந்தவர்கள் துணைவர்களாகின்றனர். எந்தப் பெரியவரும் அவர்களுக்கு உபதேசம் செய்யவில்லை. அவனது நிலையில் தம்மை வைத்துப் பார்த்தார்கள், அவ்வளவே. பிறன் நிலையில் தன்னை வைத்துப் பார்க்கும் ஆற்றல் கற்பனையின்றி வேறென்ன? ஒருமைப்பாட்டின் வேர் அங்கேதான் இருக்கிறது.

சாமின் விதியை முடிவு செய்வதற்கு வருபவர் ஒரு பெண் அதிகாரி. அவருக்குப் படத்தில் பெயர் இல்லை. அவர் பணிபுரியும் சமூக சேவை நிறுவனத்தின் பெயரே அவரது பெயர். வளர்ப்புக் குடும்பம் சாமைத் திரும்ப ஏற்க மறுத்துவிடுகிறது. எனவே அவனைச் சிறுவர் காப்பகத்துக்கு அனுப்பலாம்; மூளைக்கு மின்னதிர்ச்சிச் சிகிச்சையும் அளிக்கப்படலாம். இது அன்டர்சனின் மிகைப்படுத்தல் என்று நினைப்போர் உண்மை வரலாற்றைப் பார்க்க வேண்டும். நியூயோர்க் நகரின் பெல்வியூ மருத்துவமனையில் லோரெட்டா பெண்டர் என்னும் மருத்துவர் 1940களில் சிறுவருக்கு இச்சிகிச்சையை அளித்தார். அவ்வாறு சிகிச்சை பெற்ற நூறு பிள்ளைகளைப் பற்றி 1947 இல் அவரே எழுதி வெளியிட்டார். பிள்ளையிடம் எவரும் சம்மதம் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்ற எண்ணமே அக்காலத்தில் அரிதாக இருந்தது.

நீதிமன்றங்களின் நிலையும் ஏறத்தாழ இதுவே. 1964 இல் அரிசோனா மாநிலத்தில் ஜெரால்ட் கோல்ட் என்னும் பதினைந்து வயதுச் சிறுவன், அயலவர் ஒருவருக்குத் தொலைபேசியில் ஆபாசமாகப் பேசியதாகக் கைதுசெய்யப்பட்டான். தாயும் தந்தையும் அப்போது வேலைக்குச் சென்றிருந்தனர். அவர்களுக்கு அறிவிப்பு எதுவும் விட்டுச்செல்லப்படவில்லை. சட்டத்தரணி இல்லை, முறைப்பாடு செய்தவர் மன்றுக்கு வரவும் இல்லை. இருபத்தொரு வயதாகும்வரை அவனைச் சீர்திருத்தப் பாடசாலையில் வைத்திருக்குமாறு நீதிபதி கட்டளையிட்டார். அதே குற்றத்தை வளர்ந்தவர் ஒருவர் செய்திருந்தால், அவருக்குக் கிடைத்திருக்கக்கூடிய ஆகக்கூடிய தண்டனை ஐம்பது டொலர் வரையான அபராதம் அல்லது இரண்டு மாதச் சிறை. 1967 மே 15 ஆம் நாள் அமெரிக்க உயர்நீதிமன்றம் இக்கட்டளையைத் தவறென்று தீர்த்தது. குற்றச்சாட்டை முன்கூட்டியே அறியவும், சட்டத்தரணியின் துணையைப் பெறவும், சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யவும் பிள்ளைக்கும் உரிமை உண்டென்பது அதன் பின்னரே அந்நாட்டில் நிலைபெற்றது.

இந்த வரலாற்றின் வெளிச்சத்தில் படத்தின் முடிவைப் பார்க்க வேண்டும். புயலின் நடுவே சாமும் சூசியும் தேவாலயக் கோபுரத்தின் மேல் நிற்கின்றனர். தனிமையில் வாழும் ஷார்ப், சாமைத் தானே வளர்ப்பதாக முன்வருகிறார். சூசியின் பெற்றோர் தமது சட்ட அறிவைக்கொண்டு அதற்குத் துணை நிற்கின்றனர். நெஞ்சை நெகிழ வைக்கும் காட்சிதான். முன்னொரு நாள் தன் வீட்டில் அச்சிறுவனோடு உணவருந்தி, தான் நேசித்த பெண் தன்னை நேசிக்கவில்லை என்பதை ஒளிக்காமல் சொன்ன மனிதர் அவர். பெரியவரும் பிழை செய்பவரே என்பதைப் பிள்ளையிடம் ஒப்புக்கொண்ட கணத்திலேயே அவர் தந்தையாகத் தகுதி பெற்றுவிட்டார்.

ஆயினும் நாம் ஒரு கேள்வியைக் கேட்டேயாக வேண்டும். சாமுக்கு ஷார்ப் கிடைத்தார். சட்டம் கற்ற இருவரின் துணையும் கிடைத்தது. இவை கிடைக்காத பிள்ளையின் கதி என்ன? அரிசோனாச் சிறுவனுக்குக் கோபுரத்தின் உச்சியில் கைகொடுக்க எவரும் வரவில்லை. அவனுடைய பெற்றோரும் அவர்களுக்குத் துணை நின்றோரும் ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் வழக்காடியே ஏனைய பிள்ளைகளுக்கும் உரிமையைப் பெற்றுக்கொடுத்தனர். தனிமனிதரின் கருணை ஒரு பிள்ளையைக் காப்பாற்றும். அடுத்த பிள்ளையைப் பற்றி அதற்கு எதுவும் தெரியாது. இந்த எல்லையைத் தாண்டிச் செல்ல இப்படம் முயலவில்லை.

இன்னொரு மௌனமும் உண்டு. 1965 என்பது எத்தகைய ஆண்டு? மார்ச்சில் அமெரிக்கக் கடற்படையணி வியட்நாமின் டா நாங் கரையில் இறங்கியது. அதே மாதம் செல்மாவில் வாக்குரிமை கோரி நடந்து சென்ற கறுப்பின மக்கள் தடியடிக்கு உள்ளாயினர். ஓகஸ்டில் வாக்குரிமைச் சட்டம் நிறைவேறியது. அதற்குச் சில நாள்களின் பின் லொஸ் ஏஞ்சல்ஸின் வட்ஸ் பகுதி தீப்பற்றி எரிந்தது. இவற்றின் ஓசை எதுவும் நியூ பென்சான்ஸ் தீவுக்குக் கேட்கவில்லை. அங்குள்ள பெரிய சாரணர் முகாமில் பையன்கள் சீருடை அணிந்து இராணுவ ஒழுங்கில் அணிவகுக்கின்றனர். அவர்களுள் மூத்தோர் மூன்று நான்கு ஆண்டுகளில் உண்மையான யுத்தத்துக்கு அழைக்கப்படும் வயதை அடைவர் என்ற எண்ணம் பார்வையாளராகிய நமக்குத்தான் வருகிறது, படத்துக்கு வரவில்லை.

இக்குறையை எடுத்துச் சொல்லும்போதே, அதே ஆண்டின் மற்றொரு நிகழ்ச்சி படத்தின் உள்ளுண்மைக்குச் சான்றாக நிற்பதையும் சொல்ல வேண்டும். படத்தின் கதை நடந்ததாகச் சொல்லப்படும் காலத்துக்கு மூன்று மாதங்களின் பின், 1965 டிசெம்பரில், அயோவா மாநிலத்தின் டி மொயின் நகரில் மாணவர் சிலர் கையில் கறுப்புப் பட்டி அணிந்து பாடசாலைக்குச் சென்றனர். வியட்நாமில் இறந்தோருக்காகத் துக்கம் காப்பதும், போர்நிறுத்தத்தை வேண்டுவதுமே அவர்களின் நோக்கம். அவர்களுள் ஒருவரான மேரி பெத் டிங்கருக்கு வயது பதின்மூன்று. சூசியைவிட ஒரு வயதே அதிகம். பாடசாலை நிருவாகம் அவரை வகுப்பிலிருந்து விலக்கி வைத்தது. வழக்கு மேலே சென்றது. 1969 பெப்ரவரி 24 ஆம் நாள் உயர்நீதிமன்றம் ஏழு நீதிபதிகள் ஆதரிக்கவும் இருவர் எதிர்க்கவும் மாணவர் பக்கம் தீர்ப்பளித்தது. பாடசாலை வாயிலினுள் நுழைந்துவிட்டதால் மாணவரின் கருத்துரிமை அற்றுப்போவதில்லை என்பது அத்தீர்ப்பின் சாரம்.

தான் காணாத நாட்டில், தான் அறியாத மொழி பேசும் மக்கள் இறப்பதை எண்ணிப் பதின்மூன்று வயதுப் பிள்ளை ஒன்று எவ்வாறு துக்கம் காக்க முடிந்தது? விகோட்ஸ்கி சொன்னதை இங்கே நினைவுகூரலாம். செய்தியாக வந்த அனுபவத்தைக் கற்பனை தன் உள்ளத்தின் அனுபவமாக்கியது. தொலைவிலுள்ளவனின் துயரம் அருகிலுள்ளவனின் துயரமாயிற்று. அநாதையாக ஆசைப்பட்ட சூசியின் கற்பனையும், அந்நியருக்காகக் கறுப்புப் பட்டி அணிந்த மேரியின் கற்பனையும் ஒரே ஆற்றலின் இரு நிலைகள். பிறர் துயரைக் கண்டு வியந்து நிற்பது முதல் நிலை. அத்துயருக்குத் தன்னைப் பொறுப்பாக்கிக்கொள்வது அடுத்த நிலை. முதல் நிலையில் நிற்கும் பிள்ளையைப் 'பகற்கனவு' என்று ஏசி அடக்கிவிட்டால், அது அடுத்த நிலைக்கு ஒருபோதும் வரப்போவதில்லை.

ஆசிரியரான நாம் இதில் எங்கே நிற்கிறோம்? படத்தில் வரும் சாரணத் தலைவர் வார்ட், தொழிலால் கணித ஆசிரியர். தன் பொறுப்பிலிருந்த சாம் ஓர் அநாதை என்பதே அவன் ஓடிப்போன பின்னர்தான் அவருக்குத் தெரியவருகிறது. கூடாரங்களை ஒழுங்கு பார்த்தவர், பிள்ளையின் வாழ்வைப் பார்க்கவில்லை. அவர் கொடியவர் அல்லர். நல்லவர், நம்மைப் போன்றவர். கணித பாட வேளையில் கொப்பியின் கடைசிப் பக்கத்தில் இல்லாத தீவொன்றின் படத்தை வரையும் மாணவனைக் கண்டால் நாம் என்ன செய்கிறோம்? கொப்பியைப் பறித்து வைக்கிறோம். கணக்கு முக்கியமல்ல என்று நான் கூறவில்லை. கணக்கு முடிந்த பின்னராவது, அந்தத் தீவில் யார் வாழ்கிறார்கள், அங்கே இங்கில்லாத எது இருக்கிறது என்று ஒரு வார்த்தை கேட்டோமா? இவ்வுலகில் தனக்குக் குறைவது எது என்பதையல்லவா அப்பிள்ளை அங்கே வரைந்து வைத்திருக்கிறது!

சாமும் சூசியும் முதன்முதலாகச் சந்தித்தபோது தேவாலயத்தில் நடைபெற்ற இசைநாடகம், பெஞ்சமின் பிரிட்டன் இயற்றிய நோவாவின் வெள்ளக் கதை. இங்கிலாந்தின் ஓர்ஃபோர்ட் தேவாலயத்தில் 1958 இல் அது முதன்முதலாக அரங்கேறியது. ஊர்ப் பிள்ளைகளும் பயிற்சி பெறாதோரும் பங்குகொள்வதற்கென்றே பிரிட்டன் அதனை அமைத்தார். விலங்குகளும் பறவைகளுமாக வேடமிட்டுப் பேழைக்குள் புகுவோர் பிள்ளைகள். கயிற்றில் தொங்கும் கோப்பைகளைத் தட்டி மழைத்துளியின் ஓசையை எழுப்புவோரும் பிள்ளைகள். கூடியிருக்கும் சபையும் இடையிடையே சேர்ந்து பாட வேண்டும். சிறுபிள்ளைகளின் வேளாண்மையை நம்பியே ஒரு பெருங்கலைஞர் தம் படைப்பை இயற்றினார். அந்நாடகத்தில் சூசி ஏற்றது காகத்தின் வேடம். பேழையிலிருந்து முதலில் அனுப்பப்பட்டுத் திரும்பி வராத பறவை அது.

புயல் ஓய்கிறது. அவர்கள் பெயர் சூட்டிய குடா அழிந்துபோயிற்று. வரைபடத்திலும் இனி அது இருக்கப்போவதில்லை. கடைசிக் காட்சியில் சூசியின் வீட்டில் அமர்ந்து சாம் அக்குடாவைச் சித்திரமாகத் தீட்டிக்கொண்டிருக்கிறான். இடம் போய்விட்டது, அங்கே கொடுத்த வாக்குப் போகவில்லை. புயலுக்குப் பின் வந்த ஆண்டில் தீவின் மேட்டுநிலங்களில் அதுவரை கண்டிராத விளைச்சல் கண்டதாகவும், பயிரின் தரம் அபாரமாக இருந்ததாகவும் கதைசொல்லி நமக்கு அறிவிக்கிறார்.

நம் பழமொழியை இயற்றியவர் பிள்ளைகளின் விதைப்பைக் கண்டவர். அறுவடைக் காலம்வரை காத்திருந்தாரா என்பது எனக்குத் தெரியாது. வேளாண்மை வீடு வந்து சேராமற் போனதற்கு விதைத்த சிறுவனே காரணமா, வரம்பைக் கட்டவும் நீரைப் பாய்ச்சவும் கடமைப்பட்டிருந்த பெரியோர் உறங்கிவிட்டது காரணமா என்பதை ஆராயாமல், பழியைச் சிறுவன் மேல் சுமத்துவது நீதியாகாது. அடுத்த முறை 'சிறுபிள்ளைத்தனம்' என்ற சொல் நம் வாயில் வரும்போது, அது யாருடைய குற்றத்தின் பெயர் என்பதை ஒரு கணம் எண்ணிப் பார்ப்போமாக.